படத்தில் விளைந்த நெல்

சர்க்கார் ஒரு நல்ல காரியத்தைச் செய்தால் மட்டும் போதாது. செய்தது நாலு பேருக்குத் தெரிய வேண்டும். தெரிந்துவிட்டால், செய்யாமல் விட்டாலும் பாதகமில்லை. இந்தத் தத்துவத்தை அஸ்திவாரமாகப் போட்டு, அதன்மேல் மாடியும் கட்டி, மின்சார விசிறிக்குக் கீழே உட்கார்ந்திருந்தது அபிவிருத்திப் பட இலாகா. உலகச் சண்டை நடந்துகொண்டிருந்த காலம் அது. அரிசி கிடைக்கவில்லை, மண்ணெண்ணெய் கிடைக்கவில்லை, கட்டிக்கொள்ளத் துணி கிடைக்கவில்லை. இலாகாவுக்கு மட்டும் ஜீப்பும் கிடைத்தது, அதற்குப் பெட்ரோலும் கிடைத்தது. பட்டணத்திலிருந்து கிளம்பிய அந்த ஜீப்பு, பங்குனி வெயிலில் புழுதியைக் கிளப்பிக்கொண்டு பாரிவாக்கத்துக்குள் வந்து நின்றபோது, துலுக்கானம் தன் வயல் வரப்பில் நின்று நெல்லைப் பார்த்துச் சந்தோஷப்பட்டுக்கொண்டிருந்தான். அவன் செய்த தப்பு அதுதான்.

அரைக்காணி நிலம். அதுவும் கடைமடை. செம்பரம்பாக்கம் ஏரியிலிருந்து கால்வாயில் வருகிற தண்ணீர், மணியக்காரர் ஜம்புலிங்கத்தின் வயலைக் குளிப்பாட்டி, அவருடைய பங்காளிகள் வயலை நனைத்து, மற்றவர்களுக்குத் தொண்டையை ஈரமாக்கிவிட்டு, கடைசியில் துலுக்கானத்தின் நிலத்துக்கு வந்து சேரும்போது பெருமூச்சு விடும். அவனும் பிழைக்க வேண்டும் என்றுதான் ஊரில் முறை வைத்திருந்தார்கள். இன்னாருக்கு இந்தக் கிழமை, இவ்வளவு நேரம். அந்த நேரத்தில் மதகு திறந்தால் அது அவன் தண்ணீர். வயலுக்கு வந்து சேர்ந்ததா, வழியில் நண்டு வளைக்குள் போயிற்றா என்றெல்லாம் முறை கேட்காது. மதகு திறந்தது, முறை கழிந்தது. பாட்டன் பூட்டன் காலத்துச் சட்டம். அதைக் குறை சொன்னவனும் இல்லை, அதனால் கெட்டவன் அதுவரைக்கும் இல்லை.

அந்த வருஷம் நவரைப் பயிர் ஊர்க்கண் படும்படி வந்திருந்தது. கதிர் வெளியே வந்து பால் பிடிக்கிற சமயம். இன்னும் ஒரே ஒரு முறைத் தண்ணீர் பாய்ந்தால் போதும், சித்திரையில் அறுத்து வீட்டுக்குள் கொட்டிவிடலாம். அவன் முறை வருகிற வெள்ளிக்கிழமை.

அந்த நெல்லுக்கு அவன் ஏற்கெனவே ஒரு செலவு எழுதிவைத்திருந்தான். ஒரே மகள் தாயம்மா, முத்தாபுதுப்பேட்டையில் வாழ்க்கைப்பட்டவள், ஏழு மாசம். முதல் பிரசவம் தாய்வீட்டில் என்பது நாட்டு வழக்கம். வளையல் போட்ட அன்றைக்கே சம்பந்தி வேம்புலி கேட்டுவிட்டார், "பொண்ணை எப்போ கூட்டிகினு போறே அண்ணாத்தே?" என்று. துலுக்கானம், "கதிர் அறுத்ததும் வண்டி கட்டிகினு வரேன்" என்று சொல்லியிருந்தான். வேம்புலியின் மகன் ஆவடிப் பக்கம் பட்டாளத்துக் கிடங்கில் மூட்டை தூக்குகிறவன். அங்கே ஒரு வேளையாவது நெல்லுச்சோறு கிடைத்தது. துலுக்கானத்தின் வீட்டில் மாசிமாதம் முதலே கேழ்வரகுக் கூழ். "வயித்துல புள்ளையோட வர்ற பொண்ணுக்குக் கூழா ஊத்துவே? நெல்லு வந்தப்புறம் கூட்டியா" என்று அவன் பெண்சாதி அங்கம்மா கண்டிப்பாகச் சொல்லியிருந்தாள். ஆக, கதிர் முற்ற வேண்டும், மகள் வர வேண்டும். அவனுக்கு உலகத்தில் வேறு விசாரம் கிடையாது.

ஜீப்பிலிருந்து அரைக்கால் சட்டையும் தலையில் தொப்பியுமாக இறங்கியவர் டைரக்டர் ஜெயராமன். பின்னாலேயே காமிரா வைக்கிற முக்காலியைத் தூக்கிக்கொண்டு காமிராக்காரர். அவர்களுக்கு முன்னால், விரித்த குடையோடு, எதற்கும் தலையாட்டத் தயாராக மணியக்காரர் ஜம்புலிங்கம்.

விஷயம் இதுதான். ஊருக்கு மேற்கே, கால்வாய் பிரிகிற இடத்தில் இருந்த பழைய மண்மடையை இடித்துவிட்டு, சர்க்கார் சிமெண்டு மதகு ஒன்று கட்டியிருந்தது. அதைப் பற்றி ஒரு படம் எடுக்க வேண்டும். படத்தின் பெயர் 'ஆற்றை அடக்கிய கை'. ஆறு எங்கே என்று யாரும் கேட்கவில்லை. கூவம் அப்போது மணலாகக் கிடந்தது. அடக்குவதற்கு ஆறு இல்லாததால், காமிராவைத் தரையோடு தரையாக வைத்துக் கால்வாயையே ஆறாகக் காட்டிவிடுவது என்று இலாகாவில் ஏற்கெனவே தீர்மானம் போட்டாகிவிட்டது.

ஜெயராமன் துலுக்கானத்தை மேலும் கீழும் பார்த்தார். சந்தையில் மாடு பிடிக்கிறவர் மாதிரி ஒரு சுற்றும் சுற்றிவந்தார்.

"பிரமாதமான முகம். கன்னத்தில் எலும்பு எப்படித் தெரிகிறது பாருங்கள். வறட்சி தாண்டவமாடுகிறது. பின்னாலே தென்னை மரமும் இல்லை. வறட்சிக்குத் தோதான வானம். இந்த ஆள்தான், இந்த இடம்தான்."

"ரொம்ப நல்ல ஆளுங்க" என்றார் மணியக்காரர்.

பிறகுதான் டைரக்டரின் கண் வயலில் விழுந்தது. அவர் முகம் சுருங்கிவிட்டது.

"இது என்ன, பச்சையாயிருக்கிறது?"

"நெல்லுங்க சாமி" என்றான் துலுக்கானம்.

"அது தெரிகிறது. திட்டம் இன்னும் ஆரம்பமே ஆகவில்லை. திறப்பு விழா நடக்கவில்லை. அதற்குள் எப்படிப் பச்சையாக இருக்கலாம்?"

 துலுக்கானம், ஏதோ உத்தரவு இல்லாமல் பயிர் வைத்துவிட்டோம் போலிருக்கிறது என்று நினைத்துத் தலையைச் சொறிந்தான்.

ஜெயராமன் பொறுமையாக விளக்கினார். படத்துக்கு இரண்டு பாகம். முன், பின். முன் என்பது திட்டத்துக்கு முன்னால்: வெடித்த நிலம், கருகின பயிர், தலையில் கைவைத்த குடியானவன். பின் என்பது திட்டத்துக்குப் பின்னால்: பச்சை வயல், சிரிக்கிற குடியானவன். இரண்டிலும் ஒரே முகம் இருக்க வேண்டும் என்பது மேலிடத்து உத்தரவு. இல்லாவிட்டால் ஜனங்கள் நம்பமாட்டார்கள். ஆகையால் வயல் முதலில் காய வேண்டும்.

"காய வுடறதுங்களா?"

"நன்றாக வெடிக்கட்டும். அப்புறம் விழா. அப்புறம் தண்ணீர்."

"சாமி, இப்போ பால் புடிக்கிற நேரம். காஞ்சு போனா அப்பால ஏரியையே தொறந்து உட்டாலும் நெல்லு வராதுங்க."

"அதற்குத்தானே ஐயா திட்டம்" என்றார் ஜெயராமன், குழந்தைக்குச் சொல்லுகிற மாதிரி.

மணியக்காரர் அவன் தோளைத் தொட்டு ஓரமாக அழைத்துப் போனார். அவர் அவனைத் தொட்டது அதுதான் முதல் தடவை. "சர்க்கார் வந்து கேக்குது. மாட்டேன்னு சொன்னா நல்லாவா கீது? ஊருக்கே கெட்ட பேரு. உன் முறை எங்க ஓடிடப் போவுது? விழா அன்னிக்கு உன் முறையிலதான் மதகைத் தொறக்கறாங்க. புது மதகுத் தண்ணி, மொதல் தண்ணி, உன்னுது" என்றார். கேட்க நன்றாகத்தான் இருந்தது. துலுக்கானம் தலையாட்டிவிட்டான். ஜீப்பில் வந்தவர்கள், தொப்பி போட்டவர்கள், இவ்வளவு தூரம் வந்து நெல்லைப் பற்றித் தப்பாகச் சொல்லுவார்களா என்று அவன் எண்ணினான். பாவம், நல்லவன். இந்த ராஜ்யம் அந்த மாதிரி நல்லவர்கள் தலையில்தான் ஓடிக்கொண்டிருந்தது.

அங்கம்மா இதைக் கேட்டதும் கையில் இருந்த முறத்தைக் கீழே போட்டாள்.

"அவங்க கேட்டா நீ வாயை மூடிகினு இருப்பியா? அழுவுற புள்ளைக்குத்தான் பால். நீ அழக்கூடத் தெரியாத ஜென்மம்."

"விழா ஆனதும் தண்ணி உட்டுடுவாங்கமே."

"பயிருக்குத் தெரியுமா விழா என்னிக்குன்னு?"

விழா என்றைக்கு என்று பயிருக்கு மட்டுமல்ல, யாருக்குமே தெரியவில்லை. மதகைத் திறக்க வேண்டிய தலைமை எஞ்சினீயர், ராவ் பகதூர் பட்டம் வாங்கியவர், முதலில் டில்லியில் இருந்தார். பிறகு ஜலதோஷத்தில் இருந்தார். துலுக்கானத்தின் வெள்ளிக்கிழமை வந்தது, போயிற்று. மதகு திறக்கவில்லை. மேல்மடை வயல்களில் முன்னே பாய்ந்த தண்ணீர் தேங்கி நின்றது; துலுக்கானத்தின் வயல் முதலில் மஞ்சளித்தது. பிறகு தலை கவிழ்ந்தது. பிறகு நிலத்தில் கோடு விழுந்தது. ஜீப்பு இரண்டு தடவை வந்து பார்த்துவிட்டு, "இன்னும் கொஞ்சம் வெடிக்கட்டும்" என்று சொல்லிவிட்டுப் போயிற்று.

அங்கம்மாவுக்குப் பொறுக்கவில்லை. விடியற்காலையில் கேணியிலிருந்து குடம் குடமாகத் தூக்கி வயலின் ஒரு மூலையில் ஊற்றத் தொடங்கினாள். அரைக்காணிக்குக் குடத்துத் தண்ணீர் யானைப் பசிக்குச் சோளப்பொரி. அது அவளுக்குத் தெரியாதா? ஒரு மூலை பிழைத்தால் மகளுக்கு ஒரு மாசச் சோறு என்பது அவள் கணக்கு. அந்த மூலை மட்டும் நிமிர்ந்து நின்றது. அடுத்த தடவை வந்த ஜெயராமன் அதைக் கண்டுபிடித்துவிட்டார்.

"யாரோ வறட்சியைக் கெடுத்திருக்கிறார்கள்" என்றார். அவர் குரலில் உண்மையான வேதனை இருந்தது.

அன்றைக்கே ஊர்த் தலையாரி கன்னியப்பனுக்கு உத்தரவு பிறந்தது. இதுவரை விளைந்த நெல்லைக் காவல் காத்த தலையாரி இனிமேல் காய்கிற நெல்லைக் காவல் காக்க வேண்டும். ஒரு சொட்டுத் தண்ணீர் உள்ளே போகக்கூடாது. கன்னியப்பன் கையில் தடியோடு வரப்பில் உட்கார்ந்தான். குடத்தோடு வந்த அங்கம்மாவைப் பார்த்து, "போயிடுக்கா. காடு மேடு எல்லாம் காவல் காத்துகீறேன், இந்த மாதிரி உத்தரவை எங்கப்பன்கூடப் பாத்ததில்ல. நான் இன்னா பண்றது?" என்றான். அங்கம்மா தண்ணீரை அங்கேயே கவிழ்க்கவில்லை. அவன் குடிக்கக் கொஞ்சம் ஊற்றிவிட்டுத் திரும்பிவிட்டாள்.

வயல் முழுக்க நன்றாக வெடித்ததும் 'முன்' எடுத்தார்கள். துலுக்கானம் வெடிப்புக்கு நடுவில் குந்தி உட்கார்ந்து, தலையில் கைவைத்து, வானத்தைப் பார்க்க வேண்டும். அவன் உட்கார்ந்தான், கைவைத்தான், பார்த்தான். அதற்குள் அவனுக்கு உள்ளே எல்லாம் மரத்துப்போயிருந்தது. தன் பயிர் செத்துக் கிடக்கிறது என்று தெரிந்தது; வேறு யாருடையதோ செத்துக் கிடப்பதுபோலவும் இருந்தது.

"சோகம் போதாது" என்றார் டைரக்டர். "உன் நிலம் கருகிவிட்டதாக நினைத்துக்கொள்."

"கருகித்தான் கீது சாமி."

"அதை முகத்தில் காட்டு."

முகத்தில் ஒன்றும் வரவில்லை. கடைசியில் ஒருவர் சின்ன சீசாவிலிருந்து அவன் கண்ணில் என்னவோ மருந்தைச் சொட்டினார். கண்ணீர் பொலபொலவென்று கொட்டி, கன்னத்தில் ஓடி, வெடிப்புக்குள் விழுந்தது. பங்குனி மாதத்தில் அந்த நிலம் கண்ட தண்ணீர் அவ்வளவுதான்.

ஒருவழியாக ராவ் பகதூருக்கு ஜலதோஷம் விட்டது. துலுக்கானத்தின் அடுத்த முறை நாளில் விழா. பந்தல் போட்டு, வாழை கட்டி, நாற்காலி போட்டிருந்தார்கள். துலுக்கானம் விடிகாலையிலேயே வாய்க்காலைச் செதுக்கி, தன் வயல் மடையைத் திறந்துவைத்துவிட்டு வந்து நின்றான். நெல் போய்விட்டது என்று அவனுக்குத் தெரியும். ஆனாலும் தண்ணீரைக் கண்டால் ஒரு பங்காவது எழுந்து நிற்காதா என்ற நப்பாசை. மனுஷனுக்கு அது மட்டும் சீக்கிரம் சாகிறதில்லை.

முதலில் ஒத்திகை. பிலிமுக்குப் பஞ்சமான காலம். அடிக்கணக்கு வைத்துத்தான் கொடுத்தார்கள். ஆகையால் காமிராவை ஓட்டாமல், மதகைத் திறந்து, தண்ணீர் நுரைத்துக்கொண்டு வருவது எப்படியிருக்கும் என்று பார்த்தார்கள். சரியில்லை, மூடினார்கள். வெளிச்சம் மாறட்டும் என்று காத்திருந்து மறுபடி திறந்தார்கள். ஒரு மாடு குறுக்கே வந்தது, மூடினார்கள். மறுபடி திறந்தார்கள். ஒவ்வொரு தடவையும் தண்ணீர் கொஞ்ச தூரம் ஓடி, பக்கத்திலிருந்த மணியக்காரரின் வயல்களுக்குள் நுழைந்து தங்கிக்கொண்டது. "தண்ணி வீணாவுது சாமி" என்று துலுக்கானம் காமிராக்காரரிடம் மெதுவாகச் சொன்னான்.

"தண்ணீர் போனால் ஏரியில் ஊறும். பிலிம் போனால் சீமையிலிருந்து கப்பலில் வர வேண்டும்" என்றார் அவர்.

ராவ் பகதூர் எழுந்து ஒலிபெருக்கிக்கு முன்னால் நின்றார். சரிகைத் தலைப்பாகையைச் சரிசெய்துகொண்டார். காமிரா ஓடத் தொடங்கியது.

"இந்த ஜனங்கள் எத்தனையோ தலைமுறையாக மண்ணை வெட்டி, மடையைக் கட்டி, எங்கள் உதவி சிறிதும் இல்லாமலே பயிர் செய்து சாப்பிட்டு வந்திருக்கிறார்கள். அந்த அவல நிலைக்கு இன்றோடு முற்றுப்புள்ளி வைக்கிறோம். பழைய மடையில் தண்ணீர் தன்பாட்டுக்கு ஓடிக்கொண்டிருந்தது. எந்த அதிகாரியின் அனுமதியும் பெறாமல் ஓடிக்கொண்டிருந்தது. இனி அப்படி ஓடாது. இதோ என் கையிலிருக்கும் சாவி இல்லாமல் ஒரு சொட்டுக்கூட நகராது என்று உங்களுக்கு உறுதி கூறுகிறேன்."

எல்லாரும் கைதட்டினார்கள். மணியக்காரர் தட்டியதைப் பார்த்துத் துலுக்கானமும் தட்டினான். ராவ் பகதூர் சக்கரத்தைத் திருகினார். தண்ணீர் பாய்ந்தது. காமிரா பார்த்தது. பார்த்து முடிந்ததும் மதகை மூடி, சாவியைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு, அவர் பூந்தமல்லி பங்களாவுக்குச் சாப்பிடப் போய்விட்டார்.

துலுக்கானம் தன் வயல் மடையில் போய் உட்கார்ந்திருந்தான். தண்ணீர் வரவில்லை. வெயில் தாழ்ந்ததும் எழுந்து மணியக்காரர் வீட்டுக்குப் போனான்.

"என் முறைங்களே. தண்ணி வரலிங்களே."

"இன்னிக்குக் காலையிலேர்ந்து எத்தினி வாட்டி தொறந்தாங்க? நீயே பாத்துகினு நின்னியே. மதகு தொறந்துது, முறை கழிஞ்சுது" என்றார் ஜம்புலிங்கம். கொஞ்சம் வருத்தமாகத்தான் சொன்னார். "உனக்கோசரம் ஊர் வழக்கத்தை மாத்த முடியுமா? நீயே சொல்லு."

துலுக்கானம் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு திரும்பினான். வழக்கம் வழக்கம்தானே.

மிச்சமிருந்தது 'பின்'. துலுக்கானத்தின் வயலில் அதை எடுக்க முடியாது. அங்கே பச்சை என்று சொல்லிக்கொள்ளக் கன்னியப்பனின் தலைப்பாகைதான் இருந்தது. ஆனால் ஒத்திகைத் தண்ணீர் குடித்த மணியக்காரரின் வயல் தளதளவென்று நின்றது. ஜெயராமன் அண்ணாந்து பார்த்து, "வானம் எல்லாம் ஒரே வானம்தான்" என்று தீர்ப்புச் சொன்னார். துலுக்கானத்துக்கு வெள்ளை வேட்டி கொடுத்து, அந்த வயலுக்குள் நிறுத்தி, கதிரைக் கையில் பிடித்துக்கொண்டு சிரிக்கச் சொன்னார்கள்.

அவன் பல்லைக் காட்டினான்.

"அது சிரிப்பில்லை. வலிக்கிற மாதிரி இருக்கிறது. சந்தோஷமாகச் சிரி. உன் நிலம் விளைந்திருக்கிறது."

மறுபடி பல்லைக் காட்டினான். காமிராக்காரர் உதட்டைப் பிதுக்கினார். ஜெயராமன் தானே சிரித்துக் காட்டினார். ஜீப்பு டிரைவரைக் கூப்பிட்டு ஏதோ கோணங்கி பண்ணச் சொன்னார். கருகின நெல்லுக்குக்கூட அன்றைக்குச் சிரிப்பு வந்திருக்கும், துலுக்கானத்துக்கு வரவில்லை. அவர்களுக்குச் சிரமம் கொடுக்கிறோமே என்று அவனுக்குக் கூச்சமாகக்கூட இருந்தது. அழுவதற்கு இருக்கிற மருந்து சிரிப்பதற்கு இல்லை போலும்.

டைரக்டர் களைத்துப்போய் வரப்பில் உட்கார்ந்தார். பீடி பிடிக்கிற நேரத்துப் பேச்சாக, "உனக்குப் பிள்ளைகுட்டி உண்டா?" என்று கேட்டார்.

"ஒரே பொண்ணுங்க. முத்தாபுதுப்பேட்டையில குட்த்துகீறேன். முழுவாம கீறா."

"பிரசவத்துக்கு வீட்டுக்கு வருவாளா?"

அப்போதுதான் அது நடந்தது. நெல் போனது, முறை கழிந்தது, தான் நிற்கிற வயல் யாருடையது, எல்லாம் ஒரு கணம் அவனுக்கு மறந்துபோயிற்று. தாயம்மா வண்டியிலிருந்து இடுப்பில் கைவைத்துக்கொண்டு மெள்ள இறங்குவது கண்ணுக்குத் தெரிந்தது. அவன் சிரித்தான். கண் சுருங்கி, கன்னத்து எலும்பு மறைந்து, முகம் முழுக்கச் சிரித்தான்.

"ஓட்டு, ஓட்டு" என்று கத்தினார் ஜெயராமன். காமிரா ஓடிற்று. வேட்டியைத் திரும்ப வாங்கிக்கொண்டு, ஜீப்பு போயிற்று.

சித்திரையில் ஊரெல்லாம் நெல் அறுத்தது. துலுக்கானம் வைக்கோல் அறுத்தான். முத்தாபுதுப்பேட்டைக்கு நடந்துபோய், சம்பந்தி வேம்புலியிடம் உள்ளதைச் சொன்னான். பயிர் காய்ந்துவிட்டது, இந்த நிலையில் பெண்ணை அழைத்துப்போனால் கூழுக்கும் இழுபறி, பிரசவம் இங்கேயே ஆகட்டும் என்று. வேம்புலி நியாயஸ்தர். "ஏரித் தண்ணி வுடலேன்னா நீ இன்னா பண்ணுவே அண்ணாத்தே. மருமவ எனக்கும் பொண்ணுதான். இங்கயே கெடக்கட்டும்" என்று சொல்லிவிட்டார். தாயம்மா கதவோரம் நின்றுகொண்டு, "நீ உன் ஒடம்பைப் பாத்துக்கோ நைனா" என்றாள். அன்றைக்கு வீடு திரும்பும்போது அவனுக்கு மனம் கொஞ்சம் லேசாக இருந்தது. போனது நெல்லோடு போகட்டும், மகள் எங்கேயோ நல்லபடியாக இருக்கிறாள் என்று ஆறுதல்பட்டான்.

வைகாசியில் அவன் முருங்கைக்கீரைக் கட்டும் நாலு மாங்காயுமாக மகளைப் பார்க்கப் போயிருந்தான். அன்றைக்குப் பார்த்து முத்தாபுதுப்பேட்டைத் திடலில் இலாகாவின் சினிமா வண்டி வந்து நின்றது. கிடங்குத் தொழிலாளிகளுக்கு இலவசப் படம். பொழுது சாய்ந்ததும் வெள்ளைத் துணி கட்டினார்கள். வேம்புலி குடும்பத்தோடு பாயைத் தூக்கிக்கொண்டு கிளம்பினார். "வா அண்ணாத்தே, சும்மா காட்றாங்க" என்று துலுக்கானத்தையும் இழுத்துக்கொண்டு போனார்.

முதலில், வண்டியோடு வந்திருந்த ஜெயராமன் பேசினார்.

"பொய் சொல்லாத சாதனம் உலகத்தில் காமிரா ஒன்றுதான். மனிதன் பொய் சொல்லுவான். வயல்கூடப் பொய் சொல்லும். நாங்கள் முதலில் போனபோது ஒரு வயல் பச்சையாக நின்று எங்களை ஏமாற்றப் பார்த்தது. நாங்கள் விடவில்லை. உண்மை வெளிவரும்வரை காத்திருந்து படம் பிடித்தோம்."

படம் ஓடிற்று. கால்வாய் ஆறாகப் பெருக்கெடுத்தது. அம்பத்தூர்ப் பக்கத்துச் செங்கல் சூளை புகைவிட்டது. அது அந்த ஆற்றால் வரப்போகும் தொழிற்சாலை என்றது படத்தில் பேசிய குரல். பிறகு வெடித்த நிலத்தில் துலுக்கானம் கண்ணீர் விட்டான். கூட்டத்தில் பெண்கள் உச்சுக்கொட்டினார்கள். தாயம்மா பாயில் நிமிர்ந்து உட்கார்ந்தாள். ராவ் பகதூர் சக்கரத்தைத் திருகினார். அடுத்த நொடி, தளதளத்த நெல்வயல், வெள்ளை வேட்டி, கைநிறையக் கதிர், துலுக்கானம் சிரித்தான். அந்தச் சிரிப்பு துணி முழுக்க நிறைந்து நின்றது. "இவர் பெயர் முக்கியமல்ல. இந்த நவரையில் இவர் களஞ்சியம் நிறைந்துவிட்டது" என்றது குரல். திடலே கைதட்டியது.

துலுக்கானம் அப்படி ஒரு மகசூலை வாழ்நாளில் பார்த்ததில்லை.

வேம்புலி பாயைச் சுருட்டிக்கொண்டு எல்லாருக்கும் முன்னால் வீட்டுக்கு நடந்தார். வாசலில் வந்துதான் நின்றார்.

"களஞ்சியம் நெறைஞ்சு போச்சாமே."

"அது மணியக்காரர் நெலம் சம்மந்தி. என்னைக் கூட்டிகினு போயி நிக்க வெச்சாங்க. நம்ம நெலம் மொதல்ல காட்னாங்களே, அதான்."

"அழுதவனும் நீதான், சிரிச்சவனும் நீதான். நடுவுல தண்ணி வுட்டதையும் என் கண்ணால பாத்தேன். ஊரே பாத்துது. நீ சொல்றதை நம்பறதா, நான் பாத்ததை நம்பறதா?" வேம்புலி குரலை உயர்த்தவில்லை. அவருக்குக் கோபத்தைவிட வருத்தம்தான் அதிகம். "நெல்லு நெசமாவே இல்லாம இருந்தா நான் இன்னாத்துக்குக் கேக்கப்போறேன்? வெச்சுகினு இல்லேன்னியே, அதான். பெத்த பொண்ணுக்கு ஒரு புடி சோறு போடக் கணக்கு பாத்தவன் நீயா இருப்பேன்னு நெனைக்கல."

துலுக்கானம் வாயைத் திறந்தான். படத்தில் இருந்த துலுக்கானம் அவ்வளவு தெளிவாகச் சிரித்துவிட்ட பிறகு, இந்தத் துலுக்கானம் என்ன சொல்லி எடுபடும்? அவனுக்கே ஒரு நிமிஷம் சந்தேகம் வந்துவிட்டது, எங்கேயாவது விளைந்துதான் இருக்குமோ என்று. 

மறுநாள் காலையில் வேம்புலியே வண்டி பேசினார். மருமகளை ஏற்றி, துணிமூட்டையை வைத்து, அதன்மேல் மடித்த கோணிகள் மூன்றைப் போட்டார். "வழக்கப்படி பொண்ணைக் கூட்டிகினு போ. எங்க ஊட்லயும் அரிசிக்குக் கஷ்டம்தான். வண்டி திரும்பி வர்றப்போ இதுல நெல்லு போட்டு அனுப்பு" என்றார்.

வெயில் ஏறின பிறகு வண்டி பாரிவாக்கம் வந்து சேர்ந்தது. சாலையோரம் அவன் நிலம் வந்ததும் தாயம்மா வண்டிக்காரனை நிறுத்தச் சொன்னாள். வெடிப்பு அப்படியே வாயைப் பிளந்து கிடந்தது. அறுத்த தாள்கூட அரையடி உயரமில்லை. தூரத்தில் சிமெண்டு மதகு வெள்ளைவெளேரென்று நின்றது, பூட்டோடு.

அவள் வண்டித் தட்டியைப் பிடித்துக்கொண்டு அப்பன் பக்கம் திரும்பினாள்.

"படத்துல சிரிச்சியே நைனா. இன்னாத்துக்குச் சிரிச்சே?"

"நீ ஊட்டுக்கு வருவியான்னு அந்த ஐயா கேட்டாரும்மா. அதான்."

தாயம்மா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். கொஞ்சம் கழித்து, "நல்லாதான் சிரிச்சே. அதைப் பாத்துத்தான் நானும் நம்பிட்டேன்" என்றாள்.

வண்டிச் சத்தம் கேட்டு ஓடிவந்த அங்கம்மா மகளைக் கண்டதும் கன்னத்தை வழித்து நெட்டி முறித்தாள். பிறகு கோணியைப் பார்த்தாள்.

"இது இன்னாத்துக்கு?"

"நெல்லு போட்டு அனுப்பச் சொன்னாரு சம்மந்தி" என்றான் துலுக்கானம்.

அங்கம்மா அவனைத் திட்டவில்லை. மூன்று கோணியையும் எடுத்துத் தெருவில் நின்று தூசி போக உதறினாள். ஒன்றின்மேல் ஒன்றாக வேப்பமர நிழலில் விரித்து, மகளை அதில் படுக்கவைத்தாள். தாயம்மா ஒருக்களித்துப் படுத்தாள். அங்கம்மா கேழ்வரகைப் புடைக்க உள்ளே போனாள்.

வண்டிக்காரன் நுகத்தடியைப் பிடித்துக்கொண்டு நின்றான். "மூட்டை எப்போண்ணா ஏத்தறது?" என்று கேட்டான்.

"நீ போப்பா. கோணி இங்கயே கெடக்கட்டும்" என்றான் துலுக்கானம்.